எங்கள் அண்ணன் குடித்ததில்லை

அண்ணன் குடிக்கத் தொடங்கிவிட்டார் என்றுதான் குடும்பத்தில் நாங்கள் நம்பினோம். அவருடைய கடைசி இரண்டு ஆண்டுகளில் பேச்சு குழறியது. நடை இடப்பக்கமாகச் சாய்ந்தது. கோப்பையைப் பிடித்த கை நடுங்கித் தேநீர் சட்டையில் சிந்தியது. மேடையிலும் தொலைக்காட்சியிலும் வாழ்நாளில் பாதியைக் குடிகார வேடத்தில் கழித்த மனிதர், வயதான காலத்தில் அந்த வேடத்தை வீட்டுக்கே கொண்டுவந்துவிட்டார் என்று பேசிக்கொண்டோம். சிலர் வருத்தத்தோடு பேசினார்கள். பலர் சிரிப்போடு பேசினார்கள். இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உங்களில் பெரும்பாலோர் அந்த இரு சாராரில் ஒரு சாரார். நான் வருந்தியவர்களைச் சேர்ந்தவள். அதை முதலில் சொல்லாமல் மேலே எழுத எனக்கு உரிமை இல்லை.

அண்ணன் ஒரு சொட்டு மதுவும் தொட்டவர் அல்லர். அவருடைய தலையின் பின்புறத்தில், நடையையும் பேச்சையும் ஆளும் இடத்தில், ஒரு கட்டி மெல்ல வளர்ந்துகொண்டிருந்தது. அவர் மறைந்து ஓராண்டு ஆகிறது. போன மாதம்கூட, மலாக்கா மாநிலத்து ஜாசின் சந்தையில் தெரிந்தவர் ஒருவர் என்னை நிறுத்தி, "ஒங்க அண்ணன் தங்கமான மனுசன் டீச்சர். தண்ணிதான் அவர கொண்டுபோயிடுச்சு லா" என்று ஆறுதல் சொன்னார். கையில் கீரைக்கட்டோடு நின்று அதைக் கேட்டுக்கொண்டேன். அவருக்குச் சொல்ல வேண்டிய பதிலைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அண்ணன் பெம்பானுக்கு அருகில் ஒரு ரப்பர் தோட்டத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தின் கடைசி வீட்டில் பிறந்தார். அப்பாவும் அம்மாவும் ரப்பர் பாலெடுக்க மரம் வெட்டினார்கள். அப்பாவுக்குச் சம்சு என்னும் மலிவுச் சாராயப் பழக்கம் இருந்தது. சம்பள நாளில் அப்பாவைக் கடையிலிருந்து வீட்டுக்கு அழைத்து வருவது மூத்த பிள்ளையின் பொறுப்பு. அண்ணன் அவர் கையைப் பிடித்து இழுத்து வரமாட்டார். நாலடி பின்னால் நடந்து வருவார். விழுந்தால் மட்டுமே தூக்குவார். லயத்தில் நாலு பேர் பார்க்க அப்பாவின் மானம் போகாதிருக்க அந்தச் சிறு வயதில் அவர் கண்ட வழி அது. ஈரல் கெட்டு அப்பா இறந்தபோது அண்ணனுக்குப் பதினாறு வயது. அம்மா அவரிடம் எந்தச் சத்தியமும் வாங்கவில்லை. வாங்கத் தேவையிருக்கவில்லை.

அவருடைய முதல் மேடை தோட்டத்துச் சிற்றாலயத்தின் கிறிஸ்துமஸ் நாடகம். சத்திரத்தில் இடம் கேட்டு வருபவர்களை இல்லையென்று திருப்பி அனுப்புகிறவர் வேடம். ஒரே வசனம். அண்ணன் அவர்களை மேலும் கீழும் பார்த்து, கொட்டாவி விட்டு, முதுகைச் சொறிந்துகொண்டு, "எடமில்ல போங்க" என்று பலகைக் கதவைச் சாத்தினார். மாதா வேடமிட்டிருந்த சிறுமி உண்மையாகவே அழுதுவிட்டாள். மறுநாள் பால் நிறுக்கும் கொட்டகையில் ஒரு பெண்மணி அண்ணனைப் பார்த்து, "மாதாவையே வெளிய தள்ளுன பய தானே நீ? மூஞ்சியில முழிக்காத" என்றாராம். அண்ணன் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். நாங்களும் சிரித்திருக்கிறோம். வேடத்தை எடுத்து மனிதர் மேல் ஒட்டவைக்கும் பழக்கம் நம் சனத்திடம் அன்றே இருந்திருக்கிறது என்று இப்போது தோன்றுகிறது. சிரிப்பு வரவில்லை.

படிப்பு முடிந்ததும் வீடு வீடாகச் சென்று மின்சார மீட்டர் படிக்கும் வேலை கிடைத்தது. அந்த வேலை அவருக்குப் பள்ளிக்கூடமானது. வேலிக்கு இப்பால் நின்று சீன மூதாட்டி எப்படி வாளியைத் தூக்குகிறார், ஓய்வுபெற்ற மலாய் ஆசிரியர் எப்படிக் கண்ணாடியைத் துடைக்கிறார் என்று பார்த்துவிட்டு, மாலையில் எங்களுக்கு நடித்துக் காட்டுவார். மலாக்கா நகரில் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். நீதிபதியாக, பைத்தியக்காரராக, மகளைத் தொலைத்த தகப்பனாக நடித்தார். அந்தத் தகப்பன் வேடத்தைப் பார்த்தவர்கள் இன்னும் சிலர் இருக்கிறீர்கள். மகளின் செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு வார்த்தையும் பேசாமல் அவர் நின்ற நேரத்தில், மண்டபத்தில் மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. அவருடைய கலையைப் பற்றி யாராவது பேச விரும்பினால் அந்த இடத்திலிருந்து தொடங்குங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

யாரும் அங்கிருந்து தொடங்குவதில்லை. கோலாலம்பூரில் எடுத்த ஒரு தொலைக்காட்சித் தொடரில் அவருக்குக் குடிகார மாமனார் வேடம் கிடைத்தது. முதல் பகுதி ஒளிபரப்பானபோது வீட்டில் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தோம். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. திரையில் அண்ணன் காலால் தடவித் தடவிச் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார். "அவரு இப்படித்தான் தேடுவாரு" என்று சொல்லிவிட்டு அம்மா அடுப்படிக்குப் போனார். கோபம் இல்லை. இறந்துபோன கணவரைச் சற்று நேரம் பார்த்துவிட்டுப் போனது போலிருந்தது.

அதன் பிறகு அவருக்கு வேறு வேடம் தரவே இல்லை. ஓர் இயக்குநரிடம் ஒருமுறை தகப்பன் வேடம் கேட்டிருக்கிறார். "அண்ணே, நீங்க உள்ள வந்தாலே ஜனங்க சிரிச்சிடுவாங்க. நான் அழுகாச்சி சீன் எடுக்கணும். பாட்டில புடிச்சிக்கிட்டு வாங்கண்ணே, அதுதான் ஒங்களுக்கு ராசி" என்றாராம். அண்ணன் பாட்டிலைப் பிடித்துக்கொண்டு போனார். அதில் ஊற்றியது ஆறிய கடுங்காப்பி. பல ஆண்டுகள் விடியற்காலைப் பேருந்தில் போய் அந்தக் கடுங்காப்பியைக் குடித்துவிட்டு வந்தார்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த நடையை எப்படிச் செய்கிறீர்கள் என்று ஒருநாள் கேட்டேன். "குடிச்சவன் தள்ளாடணும்னு தள்ளாட மாட்டாம்மா" என்றார். "நேரா நடக்கத்தான் பாடுபடுவான். அந்தப் பாட்ட காட்டணும். இன்னொண்ணு, செவுரு நாக்காலி எதையும் புடிக்க மாட்டான். புடிச்சா தெரிஞ்சிடும்ல? அப்பா எதையாவது புடிச்சி நீ பாத்திருக்கியா?" நான் பார்த்ததில்லை. இது எனக்குத் தெரியும். மற்றவர்களுக்குத் தெரியாமல் இருந்தது. எனக்குத் தெரியும்.

பேச்சு குழறத் தொடங்கியபோது முதலில் அவரிடமிருந்து எடுத்துக்கொள்ளப்பட்டது மாதா கோயிலில் பைபிள் வாசகம் படிக்கும் பொறுப்பு. ஞாயிறுதோறும் தெளிந்த குரலில் வாசித்தவர். கோயில் குழுவினர் வந்து, "கொஞ்ச நாள் ரெஸ்ட் எடுங்க ஐயா" என்றார்கள். காரணம் கேட்டதற்கு, சின்னப் பிள்ளைகள் பார்க்கிறார்கள் என்றார்கள். அண்ணன் மறுவாரமும் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தார். பக்கத்தில் இருந்தவர் மூக்கை உறிஞ்சி வாடை பார்த்ததை அண்ணி பார்த்தார்.

மருத்துவரிடம் ஒருமுறை நான்தான் அழைத்துச் சென்றேன். அன்று அண்ணிக்கு வேலை. "அங்கிள் மினும்?" என்று மருத்துவர் மலாயில் கேட்டார், குடிப்பீர்களா என்று. அண்ணன் இல்லையென்றார். அந்தச் சொல்லும் குழறித்தான் வந்தது. மருத்துவர் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அவர் ஏதோ எழுதினார். குடியைக் குறைக்கச் சொல்லிச் சத்து மாத்திரை கொடுத்து அனுப்பினார். காரில் வரும்போது அண்ணன், "நீயுமாம்மா" என்று கேட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் கேட்கவில்லை. சன்னல் வழியாகச் செம்பனை மரங்களைப் பார்த்துக்கொண்டு வந்தார்.

அதற்குச் சில மாதங்கள் கழித்து ஜாசினில் சித்தப்பா மகனின் வீட்டுத் திருமணம். எல்லா விசேஷங்களிலும் நம் வழக்கம் உங்களுக்குத் தெரியும். சாப்பாட்டுக்கு முன்னால் யாராவது மைக்கைப் பிடித்து அண்ணனைக் கூப்பிடுவார்கள், அவர் அந்தக் குடிகார நடையை ஒருமுறை நடந்து காட்டுவார், மண்டபம் அதிரும். அவர் கூலி கேட்டதில்லை, மறுத்ததும் இல்லை. அன்று அவர் முதன்முறையாக மறுத்தார்.

"இன்னிக்கு வேணாம்பா. ஒடம்பு சரியில்ல."

"என்ன பெரியப்பா, வரும்போதே ரிகர்சல் பாத்துட்டு வந்தீங்க போல" என்று ஒருவர் மைக்கிலேயே சொன்னார். சிரிப்பு எழுந்தது. "எத்தன கிளாஸ்ண்ணே?" என்று இன்னொரு குரல். மாப்பிள்ளை வந்து கையைப் பிடித்தார். கல்யாண வீட்டில் முகம் கோண வேண்டாமென்று அண்ணன் எழுந்தார்.

நாலைந்து அடி நடந்தார். கை நீண்டு பக்கத்து நாற்காலியைத் தேடியது. நான் அதைப் பார்த்தேன். குடிகாரன் எதையும் பிடிக்கமாட்டான் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்த மனிதர், எல்லோர் கண்முன்னாலும் நாற்காலியைத் தேடினார். அது கிடைக்கவில்லை. விழுந்தார். மண்டபம் கைதட்டியது. நானும் தட்டினேன். முன்வரிசையில் ஒருவர் எழுந்து நின்று தட்டினார். தொலைபேசிகள் படம் பிடித்துக்கொண்டிருந்தன. அண்ணன் எழவில்லை. இது நடிப்பின் நீட்சி என்று நினைத்து இன்னும் பலமாகத் தட்டினார்கள். அண்ணி மேசைகளுக்கு நடுவே வந்து தரையில் உட்கார்ந்து அவர் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, "கை தட்டாதீங்க" என்றார். அவர் கத்தவில்லை. அதனால் பின்வரிசைக்குக் கேட்கவில்லை.

மருத்துவமனையில் அன்றே தலையைப் படம் எடுத்துப் பார்த்துவிட்டார்கள். இளம் மருத்துவர் ஒருவர் திரையில் அந்த வெள்ளைப் புள்ளியைக் காட்டி, இது நீண்ட நாளாக வளர்ந்திருக்கும், ஆரம்பத்திலேயே ஏன் வரவில்லை என்று கேட்டார். அண்ணி என் பக்கம் திரும்பவில்லை. அந்தப் பெருந்தன்மை எனக்கு இன்றுவரை தண்டனையாக இருக்கிறது. அறுவை சிகிச்சை நடந்தது. காலம் கடந்திருந்தது. ஐந்து மாதம் இருந்தார்.

செய்தி பரவியதும் உறவினர்கள் ஆரஞ்சுப் பழங்களோடு வந்தார்கள். ஒருவர் கட்டிலருகே அழுது மன்னிப்புக் கேட்டார். அண்ணன் சிரமப்பட்டு, ஒவ்வொரு சொல்லாக, "வேஷம் நல்லா இருந்துச்சுன்னுதானே அர்த்தம்" என்றார். எங்கள் தவறை அண்ணன் பாராட்டாக எடுத்துக்கொண்டார். அது அவருடைய குணம். நான் அப்படி எடுத்துக்கொள்ள மாட்டேன். ஒரு நடிகர் நன்றாக நடித்தார் என்பதற்காக அவருடைய நோயை நோயென்று பார்க்க மறுத்தது ரசனை ஆகாது. நாம் அவரை இரண்டு ஆண்டுகள் சாகவிட்டோம், கைதட்டிக்கொண்டே.

அடக்கத்தன்று வீட்டு வாசலில் பெரிய பதாகை ஒன்று கட்டப்பட்டிருந்தது. கலைந்த தலை, அவிழ்ந்த சட்டை, கையில் பாட்டில். கீழே கண்ணீர் அஞ்சலி. அண்ணி செருப்பில்லாமல் வெளியே போய்க் கயிற்றை அவிழ்த்து, பதாகையை நான்காக மடித்து வைத்துவிட்டு உள்ளே வந்து அமர்ந்தார். இந்த மலரின் அட்டைக்கும் அதே படம்தான் கேட்கப்பட்டது. "அக்கா, இந்தப் படத்தப் பாத்தாதான் எல்லாருக்கும் அடையாளம் தெரியும் லா" என்றார் சித்தப்பா மகன். அடையாளம் தெரியாதவர்கள் உள்ளே படித்துத் தெரிந்துகொள்ளட்டும் என்றேன். அட்டையில் இருப்பது செருப்பைக் கையில் வைத்திருக்கும் அந்தத் தகப்பன். அதுவும் எங்கள் அண்ணன்தான்.

நன்றிக்குரியவர்கள் குறைவு. ஆகையால் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். நாடகக் குழுவின் ஒப்பனைக்காரர் வாரந்தோறும் வந்து அண்ணனுக்கு முகம் மழித்துவிட்டார். அவர் அழவும் இல்லை, அறிவுரை சொல்லவும் இல்லை. பக்கத்து வீட்டு மலாய்க் குடும்பத்தார் கேட்கும் முன்பே காரை எடுத்து வந்து நின்றார்கள். அண்ணனுடைய சொற்கள் முழுவதும் போனபிறகு, கோயிலில் புதிதாக வாசகம் படிக்கும் இளம்பெண் ஒருத்தி வீட்டுக்கு வந்து அவருக்கு வாசித்துக் காட்டினாள். தவறாக வாசித்த இடங்களில் அண்ணன் விரலால் கட்டிலைத் தட்டித் திருத்தினார். இவர்களுக்கு எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. மற்றவர்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள். அண்ணன் பெயர் வரும் இடத்தில் அந்தப் பழைய பேச்சு எழுந்தால் மறுத்துச் சொல்லுங்கள்.

அந்த இரண்டு ஆண்டுகளும் அண்ணி எங்களிடம் ஒன்றையேதான் சொன்னார். "அவரு குடிக்கல. ஒரே வீட்டுல இருக்கேன், எனக்குத் தெரியாதா?" கணவரின் மானத்தைக் காப்பாற்றப் பொய் சொல்கிறார் என்று நாங்கள் பரிதாபப்பட்டோம்.

அண்ணன் உயிரோடு இருந்தபோதே அவரை நம்பியவர் ஒருவர்தான். அவர் தங்கா பத்து என்னும் ஊரில், வீட்டில் மகளோடு இருக்கிறார்.