சுண்டுவிரல் சங்கிலி

பாண்டித்துரை அண்ணனுக்கு வலது முழங்கால் போய்விட்டது என்பது எங்கள் ரூமில் எல்லோருக்கும் தெரியும். கம்பெனிக்குத் தெரியாது. தெரிந்தால் மெடிக்கல் அன்ஃபிட் என்று எழுதி, விசாவை கேன்சல் செய்து, ஓமானில் இந்த சோஹாரிலிருந்து நேராக ஊருக்கு, கமுதிக்கு, அனுப்பிவிடுவார்கள். போன வருடம் ஒரு தெலுங்குக்காரரை அப்படித்தான் அனுப்பினார்கள். அண்ணனுடைய மகள் சுஷ்மிதாவுக்கு நர்சிங் படிப்பில் கடைசி வருடம். அது முடிகிற வரைக்கும் எப்படியாவது ஓட்டிவிட வேண்டும், அவ்வளவுதான் அவர் ஆசை.

அவர் ரிக்கர். கிரேன் தூக்குகிற இரும்புச் சாமான்களுக்குக் கயிறு மாட்டி, கையசைத்து, சரியான இடத்தில் இறக்க வைக்கிற வேலை. ஏணியில் கால் வழுக்கி முழங்காலில் அடிபட்டதை யாரிடமும் சொல்லாமல், மெஸ்ஸில் ஐஸ் வாங்கி ஒத்தடம் கொடுத்துவிட்டு மறுநாளே டூட்டிக்கு வந்தார். அன்றிலிருந்து ஆரம்பித்தது அவருடைய கண்ணாமூச்சி. எங்கள் சேஃப்டி ஆபீசர் ஹஸ்னைன், லாகூர்க்காரர், சைட்டைச் சுற்றிக்கொண்டே இருப்பார். அவர் தலை இந்தப் பக்கம் திரும்பினால் அண்ணன் சிலையாகிவிடுவார். கிரேனை அண்ணாந்து பார்ப்பது போலவோ, வாக்கிடாக்கியில் எதையோ கேட்பது போலவோ ஒரு நிற்பு. ஹஸ்னைன் முதுகைக் காட்டியதும் நொண்டி நொண்டி நாலு எட்டு. மறுபடி திரும்பினால் மறுபடி சிலை. இப்படியே ஆறு மாதம் ஓடிவிட்டது.

எனக்கு இதில் கோபம்தான். தலைக்கு மேலே பாரம் தொங்கும்போது ஓட முடியாத ஒருவர் கீழே நிற்பது அவருக்கும் ஆபத்து, எங்களுக்கும் ஆபத்து. முகத்துக்கு நேரே சொல்லியும் இருக்கிறேன். அவர் சிரித்துவிட்டு, சாம்பாரில் உப்புக் குறைச்சல் என்று பேச்சை மாற்றிவிடுவார். சிரிக்கிற ஆளிடம் எப்படிச் சண்டை போடுவது?

ஜனவரியில் ஒரு வெள்ளிக்கிழமை கேம்ப்பில் விளையாட்டு விழா வைத்தார்கள். ஆபீஸ் பையன்களுக்கு அந்தக் கொரிய சீரியல் பைத்தியம். கேம்ப் முழுக்கவே அதைத் தமிழ் டப்பிங்கில் போனில் பார்த்து முடித்திருந்தது. பெரிய பெண் பொம்மை ஒன்று பாட்டுப் பாடிவிட்டுத் தலையைத் திருப்பும். அப்போது அசைந்தவனைச் சுட்டுத் தள்ளிவிடுவார்கள். ஓடுகிறவர்கள் எல்லோரும் நம்பர் போட்ட ஒரே மாதிரி உடுப்பில் இருப்பார்கள். எங்கள் வேலை உடுப்பான கவராலிலும் நம்பர் உண்டு என்பதால் நாங்கள் அதைக் கொஞ்சம் அதிகமாகவே ரசித்தோம் என்று நினைக்கிறேன். ஆபீஸ் பையன்கள் பிளைவுட்டில் அந்தப் பொம்மையை வெட்டிப் பெயின்ட் அடித்து, அவுட் ஆகிறவர்களை அடிக்கச் சிவப்புத் தண்ணீர் நிரப்பிய துப்பாக்கிகளும் வாங்கி வைத்திருந்தார்கள்.

எங்கள் புராஜெக்ட் மேனேஜர் ஹான் கொரியாக்காரர். அறுபதை நெருங்கியவர், அதிகம் பேசமாட்டார். பொம்மையைப் பார்த்ததும் முதலில் சிரித்தார். துப்பாக்கிகளைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. தன் ஊர்த் தெருவில் இதை விளையாடி வளர்ந்ததாகவும், அங்கே பொம்மையும் இல்லை, சாகிறவனும் இல்லை என்றும் தன் உடைந்த இங்கிலீஷில் சொன்னார். பிறகு துப்பாக்கிகளை ஓரம் கட்டச் சொல்லிவிட்டு, அசல் விளையாட்டை அவரே சொல்லிக் கொடுத்தார்.

பிடிக்கிறவன் சுவரைப் பார்த்து நின்று, ஒரு பூ பூத்துவிட்டது என்று கொரிய மொழியில் ஒரு வரி சொல்வான். சொல்லி முடிக்கிற வரைக்கும் மற்றவர்கள் முன்னால் நகரலாம். முடித்துவிட்டு அவன் திரும்பும்போது அசைந்தவன் மாட்டிக்கொண்டான். மாட்டியவன் வெளியே போக வேண்டியதில்லை. பிடித்தவனுடைய சுண்டுவிரலில் தன் சுண்டுவிரலைக் கோத்துக்கொண்டு பக்கத்தில் நிற்க வேண்டும். அடுத்து மாட்டுகிறவன் அவனுடைய சுண்டுவிரலில். இப்படிச் சங்கிலி நீண்டுகொண்டே போகும். கடைசி வரை மாட்டாத ஒருவன் நெருங்கி வந்து, பிடித்தவனுக்கும் முதல் ஆளுக்கும் நடுவே கையால் ஒரு வெட்டு வெட்டினால் சங்கிலி அறுந்தது. அத்தனை பேரும் விடுதலை. எல்லோரும் புறப்பட்ட கோட்டுக்கே திரும்ப ஓடியாக வேண்டும், வெட்டியவனும் சேர்த்து. பிடிக்கிறவன் துரத்துவான்.

சீரியல்காரன் இந்தக் கடைசிப் பாகத்தை விட்டுவிட்டான். அதுதானே விளையாட்டே என்று எனக்குத் தோன்றியது.

பிடிக்கிறவராக நிற்க ஹஸ்னைனைத்தான் ஹான் கூப்பிட்டார். ஆட்களை உற்றுப் பார்த்தே சம்பளம் வாங்குகிறவர் வேறு யார் இருக்கிறார்கள்? ஹஸ்னைன் அந்த வரியைச் சொல்லிப் பழகியபோது நடுவில் 'கொச்சி' என்று ஒரு சத்தம் வந்தது. மலையாளிகள் தங்கள் ஊரைப் பாடுவதாக நினைத்துக் கைதட்டினார்கள். கொரிய மொழியில் பூவுக்கு அப்படித்தான் வருமாம்.

ஒவ்வொரு ரூமும் முழுசாகக் களத்தில் இறங்க வேண்டும் என்று ஆர்டர். அண்ணன் மட்டும் உட்கார்ந்திருந்தால் ஏன் என்று கேள்வி வரும். அதனால் அவரே ஒரு திட்டம் போட்டார். முதல் திரும்பலிலேயே வேண்டுமென்று அசைந்து மாட்டிக்கொண்டு, சங்கிலியில் நின்றுவிடுவது. சங்கிலி அறுந்தால் கூட்டத்தோடு கூட்டமாகப் பின்னால் நகர்ந்துகொள்ளலாம். எனக்கும் அது சரியாகப் பட்டது.

ஹஸ்னைன் வரியைச் சொல்லிவிட்டுத் திரும்பினார். நான் மாட்டினேன். எங்கள் ரூமில் இன்னும் இரண்டு பேர் மாட்டினார்கள். அண்ணன் அசையவே இல்லை. அடுத்த முறையும் இல்லை. அதற்கடுத்தும் இல்லை. அவரும் என்னதான் செய்வார்? ஹஸ்னைனுடைய கண் பட்டால் உறைந்து போகிற பழக்கம் உடம்பில் ஊறிவிட்டது. அசைய நினைத்தாலும் அசைய வரவில்லை. மூச்சுக்கூட நின்றுவிட்ட மாதிரி நின்றார். அந்த முதுகு மறுபடி சுவர்ப் பக்கம் திரும்பியதும் சின்னச் சின்ன எட்டாக வைத்து வந்தார். மற்றவர்கள் அவசரப்பட்டு ஓடி, நிற்க முடியாமல் தள்ளாடி, ஒவ்வொருவராக வந்து விரலைக் கோத்தார்கள். கடைசியில் மைதானத்தில் மிஞ்சியது பாண்டித்துரை அண்ணன் ஒருவர்தான்.

பங்களாதேஷி, பிகாரி, மலையாளி, நேபாளி, நாங்கள் எல்லோரும் சுண்டுவிரல் கோத்து நீளமாக நின்றோம். நாலு பக்கமிருந்தும் "பாய், காட்டோ", "அண்ணே, வெட்டுங்க" என்று ஒரே சத்தம். எங்கள் ரூம் ஆட்கள் மட்டும் வாயைத் திறக்கவில்லை. வேண்டாம் அண்ணே, அப்படியே நில்லுங்கள், நேரம் முடிந்து விசில் ஊதிவிடுவார்கள் என்று நான் மனதுக்குள் கெஞ்சினேன். வெட்டினால் ஓட வேண்டும். அந்த மைதானத்தில் ஹான் முதல் டிரைவர் வரை அத்தனை கண்ணும் அவர் மேலேயே இருந்தது.

அண்ணன் எங்களை ஒரு முறை பார்த்தார். ஹஸ்னைன் சுவர்ப் பக்கம் திரும்பி வரியைச் சொல்ல ஆரம்பித்ததும் கிட்டே வந்து, கையை ஓங்கி வெட்டினார்.

எல்லோரும் கத்திக்கொண்டு ஓடினோம். கோட்டைத் தொட்டுத் திரும்பிப் பார்த்தால், அவர் பாதி வழியில் காலை இழுத்துக்கொண்டு வந்துகொண்டிருந்தார். மறைக்கவே இல்லை. கைதட்டல் மெல்ல மெல்ல அடங்கியது. அவருக்குப் பின்னாலேயே வந்த ஹஸ்னைன், கையை நீட்டினால் தொட்டுவிடலாம் என்கிற தூரத்தில், தொடாமல் நடந்து வந்தார். ஹான் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றுவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை சேஃப்டி ஆபீசுக்குக் கூப்பிட்டார்கள். கிளினிக், எக்ஸ்ரே எல்லாம் முடிந்து சாயங்காலம் திரும்பி வந்த அண்ணன், ஹஸ்னைன் இந்தியில் சொன்னதை எங்களுக்குச் சொன்னார். முதல் மாதமே அவருக்குத் தெரிந்துவிட்டதாம். வேலை செய்கிற எந்த மனுஷனும் தான் திரும்பும்போதெல்லாம் அப்படி அசையாமல் நிற்கமாட்டான் என்றாராம். எழுதினால் அனுப்பிவிடுவார்கள் என்று தெரிந்தே எழுதாமல் விட்டாராம். கிரேன் ஓடும் நாட்களில் அண்ணன் பக்கம் வரும்போது, அவர் சுதாரித்துக்கொள்ளட்டும் என்று மெதுவாகவே திரும்புவாராம். நடுவில் யார் மேலாவது பாரம் விழுந்திருந்தால் அந்தப் பாவம் தன்னுடையதுதான் என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாராம். இனி எழுதாமல் இருக்க முடியாது, மேனேஜரே பார்த்துவிட்டார்.

எழுதினார்கள். ரிக்கர் வேலை போனது. ஹான் கையெழுத்துப் போட, கான்ட்ராக்ட் முடிகிற வரைக்கும் ஃபயர் வாட்ச் வேலை கொடுத்தார்கள். வெல்டிங் நடக்கும் இடத்தில் தீயணைக்கும் சிலிண்டரோடு நிற்கிற வேலை. சம்பளம் குறைவு, ஓவர்டைம் கிடையாது. கான்ட்ராக்ட் முடிந்தால் ரின்யூ இல்லை என்பதையும் அப்போதே சொல்லிவிட்டார்கள். சுஷ்மிதாவின் படிப்பு அதற்குள் முடிந்துவிடும், ஆனால் மட்டுமட்டாகத்தான் முடியும்.

மெஸ்ஸுக்கு நடக்கும்போது கேட்டே விட்டேன்.

"ஓடணும்னு தெரியும்ல அண்ணே? பேசாம நின்னிருக்கலாம்ல. எதுக்கு வெட்டுனீங்க?"

அவர் நின்று, முழங்காலைத் தேய்த்துவிட்டுக்கொண்டார்.

"ஆறு மாசமா நான் ஒருத்தன் மட்டும் தப்பிச்சுக்கிட்டே இருந்தேம்ப்பா. அலுத்துப் போச்சு."