முதுகில் அச்சேறிய பண்டிதை

நான் படைத்த பண்டிதைக்குப் பெயர் கிடையாது. அவள் நாட்டில் ஆறுகள் மலையேறி ஓடும். பெயரைச் சொன்னால் ஆயுள் குறையும் என்று எல்லாரையும் தொழிலை வைத்தே கூப்பிடுவார்கள். பன்னிரண்டாம் வகுப்பில் நான் தோற்ற வருடம் அவள் வரலாற்றை எழுத ஆரம்பித்தேன். நான் தேறாவிட்டால் போகிறது, அவளையாவது பெரிய படிப்பாளி ஆக்கிவிடுவது என்ற வீம்புதான்.

அவள் படகோட்டியின் மகள். எந்தக் காய்ச்சலுக்கு எந்த இலை, எது பொய் மேகம் என்று ஏழைபாழைகள் சொன்னதையெல்லாம் சேர்த்து ஒரு நூல் செய்தாள். அரசன் அதை எரித்தான். அவள் அழவில்லை. ஊரில் ஒவ்வொருவர் சட்டையின் முதுகிலும் ஒரு பக்கம் எழுதிவிட்டாள். இனி எரிக்க வேண்டுமானால் ஊரையே அவிழ்க்க வேண்டும்! அவள் செத்த பிறகும், சந்தேகம் வந்தவர்கள் முன்னால் நடப்பவரின் முதுகைப் படித்துத் தெளிந்தார்கள். இந்த நூலுக்கென்று சுழியும் கொக்கியுமாக ஒரு எழுத்தும் உண்டாக்கி வைத்திருந்தேன்.

தெற்கிலிருந்து பிழைக்க வந்து, பனியன் கம்பெனிகள் நிறைந்த வேலம்பாளையத்தில் குடியிருந்தோம். இரண்டாயிரத்துக்குப் பிறகு ஏற்றுமதி ஓஹோவென்று இருந்த காலம். ஒரு பிரிண்டிங் பட்டறையில், பனியனில் அச்சடிக்கும், சட்டத்தில் வலை கட்டிய ஸ்கிரீன்களைத் தயாரிப்பது என் வேலை. மை இறங்குமளவு வலைக்கண் சரியாகத் திறந்திருக்கிறதா என்று பார்க்க, முதலில் பொடிக் கோடுகள் போட்ட ஒரு ஸ்கிரீனில் சோதிப்போம். நான் கோடுகளுக்குப் பதில் பண்டிதையின் முதல் பக்கத்தை வைத்தேன்.

ஒருநாள் குழந்தைகள் டீ-சர்ட் ஆர்டர் ஓடியது. முதுகில் இங்கிலீஷ் வாசகம் வர வேண்டும். சட்டத்தின் ஓரத்தில் 'டெஸ்ட்' என்று நான் எழுதியது ஈரத்தில் அழிந்திருந்ததால், பிரிண்டிங் மாஸ்டர் சோதனை ஸ்கிரீனை எடுத்து அடித்துத் தள்ளிவிட்டார். ஒருவருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. தினமும் படிக்கத் தெரியாத எழுத்தைத்தானே அச்சடிக்கிறோம்! செக்கிங்கிலும் மை ஈஷியிருக்கிறதா என்று மட்டும் பார்த்து எல்லாவற்றையும் பாஸ் செய்தார்கள்.

சாப்பிட்டு வந்து பார்த்தால், அடுக்கடுக்காக என் பண்டிதை. மொத்த ஆர்டரும் பாழ். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், சந்தோஷமாகவும் இருந்தது.

மாஸ்டரிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். அவர் முகம் வெளுத்தது. "போனா எம்பட வேலை போகட்டும், கண்ணு. நீ கம்முனு இரு" என்றார். எனக்குக் கம்மென்று இருந்து பழக்கமில்லை. அந்நேரம் பார்த்து முதலாளி, வெளிநாட்டு பையருக்காகச் சரக்கைப் பார்வையிடும் பையிங் ஆபீஸ்காரரோடு உள்ளே வந்தார்.

"மாஸ்டர், இது எந்த ஊரு எழுத்துங்க?" என்றார் முதலாளி.

"நான் எழுதினதுங்க" என்றேன். பயம் வந்தால் எனக்கும் 'ங்க' வந்துவிடும்.

"வெளையாடாதீங்க அம்மிணி. என்னன்னு எழுதியிருக்குது?"

படித்துக் காட்டினேன்: "பின்னால் வருகிறவரே, எனக்குத் தெரிந்தது இவ்வளவு. மிச்சத்தை உங்கள் முதுகில் எழுதுங்கள்."

முதலாளி கொங்கு மரியாதையோடு திட்டினார். அது தனிக் கொடுமை. அடியும் விழும், 'ங்க'வும் விழும். பையிங் ஆபீஸ்காரர் மட்டும் ஒரு பனியனைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எழுதினவங்க பின்னாடி கேஸ் கீஸ் போட மாட்டாங்களே?"

"மாட்டாங்க சார். அவங்க இன்னும் பொறக்கவே இல்ல" என்று பண்டிதையின் கதையைச் சொன்னேன்.

அவர் சிரித்துவிட்டு அதை பையருக்குச் சாம்பிளாக அனுப்பினார். பதில் வரும்வரை, வேலையில் இருந்தால் இருவரும், போனால் இருவரும் என்று நானும் மாஸ்டரும் காத்திருந்தோம்.

நான்காம் நாள் முதலாளியே என் டேபிளுக்கு வந்தார். "ஏனுங்க அம்மிணி, அந்தம்மா இன்னும் எத்தன பக்கம் எழுதியிருக்காங்க? பையர் சைசுக்கு ஒரு பக்கம் கேக்கறாருங்க."

"நூல் முழுசும் இருக்குதுங்க!" என்று நான் போட்ட சத்தத்தில் பட்டறையே திரும்பிப் பார்த்தது. ஜெயித்துவிட்டோம். அரசனையும் ஜெயித்தோம், முதலாளியையும் ஜெயித்தோம்.

பக்கம் மாறிவிடக் கூடாது என்று மாஸ்டர் அந்த எழுத்தை என்னிடம் கற்றுக்கொள்ள ஆரம்பித்தார். மிஷினை நிறுத்திய இடைவேளைகளில் சுழி, கொக்கி என்று விரலால் மேஜையில் எழுதிப் பார்ப்பார். ஒருநாள் ஒரு பனியனைத் தூக்கிப் பிடித்து, எழுத்துக்கூட்டி, "பின்னால் வருகிறவரே, எனக்குத் தெரிந்தது இவ்வளவு" என்று முதல் வரியைச் சத்தமாகப் படித்துவிட்டார். ஆயுசுக்கும் முதுகுகளில் வாசகம் அச்சடித்தவர், தான் அடித்ததை அன்றுதான் முதல்முறை படித்தார். எனக்குப் பொலபொலவென்று கண்ணீர் வந்துவிட்டது.

"அந்தம்மா சரியாத்தான் சொல்லியிருக்குது, கண்ணு" என்றார்.