சித்தப்பாவின் இரண்டு நாள் ஓய்வு

சின்ன வயதில் ஒரு சனிக்கிழமை மதியம் மூன்று இருபதுக்கு நான் சித்தப்பாவின் அறைக் கதவைத் திறந்தேன். வினை அங்கேதான் தொடங்கியது. ஜன்னலை மூடிவிட்டு, தரையில் படுத்து, இரண்டு கால்களையும் சுவரில் தூக்கி வைத்திருந்தார். கூப்பிட்டேன்; அசையவில்லை. இத்தனை வருஷம் கழித்து, போன வாரம் ஓட்டப் பயிற்சிக்கு மறுநாள் என் மகள் அதே மாதிரி கிடந்ததைப் பார்த்தபோதும் பதறிப்போனேன். அன்றைய படபடப்பு இன்னும் அடங்கவில்லை.

நான்கு மாதமாக விடியுமுன் கே.கே. நகரிலிருந்து இறங்கிப் போய் வைகை மணலில் ஓடியவர் சித்தப்பா. திங்கட்கிழமை போலீஸ் வேலைக்கான ஓட்டத் தேர்வு. வயது வரம்பு முடிகிறது. இதை விட்டால் இல்லை. போன தடவை முந்தின நாள் வரை ஓடி, தேர்வில் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டு பாதியில் உட்கார்ந்துவிட்டார். அதனால் இந்தத் தடவை கடைசி இரண்டு நாளும் தூக்கமும் கஞ்சியும் மட்டும் என்று தீர்மானம். அதை என் அம்மாவிடம் மட்டும் சொல்லியிருந்தார். ஒன்பது வயதில் எனக்குத் தெரிந்ததெல்லாம், பகலில் படுப்பவர்கள் நோயாளிகள் என்பதுதான்.

திருவாதவூர் அத்தைக்குப் போன் போட்டு, "சித்தப்பா எந்திரிக்க மாட்டேங்குறாரு" என்றேன்.

அடுத்த பஸ்ஸில் அத்தை, மாமா, அவர்கள் தெருவில் பாதிப் பேர் வந்து இறங்கினார்கள், பிரெட்டும் ஹார்லிக்ஸுமாக.

"அம்புட்டு மணல்ல ஓடுனா ஒடம்பு என்னத்துக்காகும்?" என்று அத்தை தைலம் போட்டுக் காலைப் பிசைந்தார்.

"ஒண்ணுமில்லக்கா, ரெஸ்ட் எடுக்குறேன்."

"எளவட்டப் பயலுக்கு எதுக்குடா ரெஸ்ட்டு? மறைக்காத."

மாமா அவரை நிமிர்த்தி உட்காரவைத்து, தனக்கு டைபாய்டு வந்த கதையை முதலிலிருந்து ஆரம்பித்தார். எல்லோரும் தங்கி, மாறி மாறிப் பார்த்துக்கொள்வதென்று முடிவாயிற்று.

ஆறரைக்கு ஆபீஸிலிருந்து அம்மா வந்தார். வாசலில் செருப்புக் குவியலையும் உள்ளே சித்தப்பாவின் முகத்தையும் பார்த்தார். வெளியே போய், எதிர்வீட்டு வேம்பில் ஒரு கொத்து ஒடித்துவந்து நிலையில் செருகினார். பிறகு சித்தப்பாவின் நெற்றியை உற்றுப் பார்த்தார். தான் திங்கட்கிழமை ஓடி முடித்ததற்கு அம்மா அப்போது சொன்ன வார்த்தைதான் காரணம் என்று சித்தப்பா இன்றும் சொல்வார்.

"மதினி, ரெண்டு முத்து தெரியுது. அம்மை போட்டிருக்கு. புள்ளைகளக் கூட்டிக்கிட்டு எல்லாரும் கெளம்புங்க."

கால் மணி நேரத்தில் வீடு காலி. சித்தப்பா போர்வையை இழுத்து மூடிக்கொண்டார். உள்ளே அவர் குலுங்குவது தெரிந்தது. அம்மைக் காய்ச்சல் நடுக்கம் என்று நினைத்து, நான் நின்ற இடத்திலேயே அழுதேன்.