பிழிந்த தேசிக்காய்ப் பாதி

கேத்திலின் அடியில் படிந்த உப்பை எடுக்க, பிழிந்த தேசிக்காய்த் தோல்களைப் போட்டுக் கொதிக்க வைத்தேன். தண்ணீரைச் சோதிக்கும் ஆய்வுகூடத்தில் வேலை செய்வதால் அந்த உப்பு எலுமிச்சை அமிலத்தில் எப்படிக் கரைகிறது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் ஆவியோடு எழுந்த மணம், போரில் மயிலிட்டியிலிருந்து இடம்பெயர்ந்தவர்களின் முகாமுக்கு என்னைக் கொண்டுபோய்விட்டது. எங்கள் குடிசை நின்ற இடத்தில் இன்று பற்றைக்காடுதான் இருக்கிறது. அப்பாவும் இல்லை.

அங்கே அம்மா ஒரு தோலையும் உடனே எறிந்ததில்லை. பிழிந்த பாதி முதலில் மீன்சட்டி கழுவி, பிறகு எங்கள் கைகளின் மீன்வெடுக்கு மணத்தைப் போக்கி, கடைசியில் தகரக் கூரையில் காய்ந்து நுளம்பு கடிக்காதிருக்கப் புகையாகும் வரை, அந்தக் கசந்த மணம் எங்கள் உடுப்பிலும் பள்ளிக் கொப்பிகளிலும் இருந்துகொண்டேயிருக்கும்.

எனக்கு எட்டு வயதில், தேர்ச்சி அறிக்கை வாங்க அப்பா பள்ளிக்கூடம் வர வேண்டியிருந்தது. வகுப்பில் என்னை ஏற்கெனவே ‘மீன்பெட்டி’ என்றுதான் கூப்பிட்டார்கள். கடலிலிருந்து திரும்பிய அப்பாவிடம் ஒரு பாதியை நீட்டினேன்.

“கையை வடிவாத் தேய்ச்சிட்டு வாங்கோ அப்பா, மீன் மணக்குது.”

“ஏன், உங்கடை ரீச்சர் மீன் தின்னுறேல்லையோ?” என்று சிரித்தபடி வாங்கினார்.

தூண்டில் நூல் அறுத்த காயங்கள் அவர் விரல்களெங்கும் ஆறாமல் இருந்தன. பல்லைக் கடித்துக்கொண்டு நகக்கண் வரை தேய்த்தார். பிறகு கையை என் மூக்கருகே கொண்டுவந்தார்.

“இப்ப சரியோ, பிள்ளை?”

முகர்ந்துகூடப் பார்க்காமல், “இன்னும் மணக்குது” என்றேன்.

அப்பா மற்றப் பாதியை எடுத்தார்.