அம்மை வீட்டில் வாய் தவறிச் சொன்னது

இத்தோடு முடிந்தோம் என்று நான் கண்ணை மூடிக்கொண்டது, ஜப்பான்காரன் குண்டுக்குப் பயந்து சென்னைப் பட்டணமே காலியான அந்தப் பங்குனியில். ரங்கூனிலிருந்து தப்பி, கல்கத்தாவில் ஒரு ராணுவ விமானத்தில் இடம் கிடைத்த ஏழு பேரில் நானும் ஒருவன். எண்ணெய் தீர்ந்து, பருத்திப்பட்டு ஏரியின் காய்ந்த ஓரத்தில் விமானம் இறங்கியது. பக்கத்தில் இருந்த பெண் என் மணிக்கட்டைப் பிடித்தாள். விமானம் நின்ற பிறகும் விடவில்லை. ரத்தினம் என்று பெயர், கொரட்டூர்க்காரி. வரும் வழியில் அண்ணனைப் பறிகொடுத்தவள்.

ஊருக்குள் நடந்தோம். கதவுகள் திறந்து கிடந்தன. உறியில் மோர் அப்படியே இருந்தது. ஒரு நாய்கூடக் குரைக்கவில்லை. அம்மன் கோயில் பூசாரி ஒருவர்தான் மிச்சம். எங்களை ஏற்றிப்போக ராணுவ லாரி வரும்வரை கோயிலை ஒட்டிய வீட்டில் தங்கச் சொன்னார்.

மூன்றாம் நாள் ரத்தினத்துக்கு அம்மை போட்டது. பூசாரி வேப்பிலை பரப்பிப் படுக்க வைத்தார். மற்ற ஐந்து பேரும் ஏரிக்கரைக்கு ஓடிவிட்டார்கள். உயிர் வெல்லக்கட்டி அல்லவா. மறுநாள் லாரி வந்தது. அம்மை கண்டவளை ஏற்ற மாட்டோம் என்றார்கள். சாத்தூரில் என் தாய் காத்திருந்தாள்.

"நீங்கோ போங்கோ. லாரி நிக்காது" என்றாள் ரத்தினம், சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டு.

வாசலில் நின்று, பழக்கதோஷத்தில், "போய்ட்டு வரேன்" என்றேன்.

பூசாரி தலையில் கை வைத்தார். "இன்னா நைனா இப்டி பண்ட்டே? ஆத்தா கீற ஊட்ல சொல்லிக்கினு பொறப்படலாமா? சொன்னவன் கூடவே அவளும் வந்துடுவா."

அம்மையைத் தாயிடம் அழைத்துப் போவதா என்று நின்றுவிட்டேன். உண்மையைச் சொல்கிறேன், அந்தச் சாக்குக் கிடைத்ததில் எனக்குச் சந்தோஷம்தான். லாரி போயிற்று. மகளைப் பார்க்கப் பூசாரியும் பூந்தமல்லிக்குப் போனார்.

ரத்தினம் பேச்சு மூச்சற்றுக் கிடந்தாள். அதுவரை சாமியைக் கிண்டல் செய்தே வளர்ந்தவன் அழுதேன். "தாயே, என் கூட வருவதானால் வா. அவளை விட்டுவிட்டு வா."

அன்றே எனக்குக் காய்ச்சல் கண்டது. எத்தனை நாள் கிடந்தேனோ தெரியாது. நெற்றியில் ஓர் ஈரக் கை மட்டும் நினைவிருக்கிறது. கண் விழித்தபோது என் உடம்பெல்லாம் முத்து. எனக்கும் அவளுக்கும் அடியில் நீர் சொட்டும் புது வேப்பிலை. அவள் உடம்பில் முத்துக்கள் காய்ந்திருந்தன.

"எழுந்து எனக்கும் இலை மாற்றினாயா?" என்று கேட்டேன்.

"நா எங்க எழுந்தேன்? நீங்கதானே தெனமும் மாத்தினீங்கோ?"

பூசாரியாக இருக்கும் என்று சமாதானம் செய்துகொண்டோம். மறுநாள்தான் அவர் பூந்தமல்லியிலிருந்து கைத்தடியோடு திரும்பி வந்து, இலையைப் பார்த்து வாசலிலேயே நின்றுவிட்டார்.

"யாரு பறிச்சது இத்த? ஊர்ல ஈ காக்கா கெடையாதே."

ஓர் இலையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

தழும்போடு பிழைத்தோம். ஆவணியில் அதே கோயிலில் தாலி கட்டினேன். திக்கற்று நிற்பவர்களே, ஆத்தாளைக் கூப்பிடப் பெரிய மந்திரம் தெரிய வேண்டாம். வாய் தவறிச் சொன்னதற்கே வந்தவள் அவள்.

இன்றும் எங்கள் வீட்டில் யாரும் சொல்லிக்கொண்டு கிளம்புவதில்லை. கேட்டுக்கொண்டிருக்கிறாள் என்று எங்களுக்குத் தெரியும்.