பொறுக்கி முடித்த அரிசி

தெருவில் கணவரின் வண்டிச் சத்தம் கேட்டதும், மத்தியானம் பாயில் படுத்திருந்த நான் என்னையறியாமல் எழுந்து உட்கார்ந்தேன். கை முறத்தைத் தேடியது. இந்த வீட்டில் முறமே கிடையாது.

சங்கராபுரத்து வீட்டில் அம்மாவின் பாய்க்குப் பக்கத்தில் எப்போதும் ஒரு முறம் அரிசி இருக்கும். கள்ளக்குறிச்சி போன அப்பாவின் மொபெட் தெருமுனையில் திரும்பும் சத்தம் கேட்டால் போதும், கன்னத்தில் பாயின் கோடுகளோடு எழுந்து கல் பொறுக்க ஆரம்பித்துவிடுவாள். அதில் கல் இருக்காது. எப்போதோ பொறுக்கி முடித்த அரிசி. பகலில் பொம்பளை படுத்தால் வீடு விளங்காது என்பார் அப்பா.

ஒருநாள் அம்மா அசந்து தூங்கிவிட்டாள். அப்பா வாசலிலேயே நின்று, "இன்னாடி, ஒடம்பு சரியில்லியா?" என்றார்.

"தலவலிங்க" என்றாள் அம்மா. தலைவலி எதுவும் இல்லை. ஆனாலும் நெற்றி எரிய எரியத் தைலம் தேய்த்துக்கொண்டுதான் அன்றைக்கு அடுப்பு மூட்டினாள்.

கதவு திறந்தது. நான் மறுபடியும் படுத்துக்கொண்டேன்.

"இன்னா, ஒடம்பு சரியில்லியா?" என்றார் கணவர்.

"நல்லாத்தான் இருக்கேன்" என்றேன். "சும்மா படுத்துக்கினு இருக்கேன்."