'வணக்கம்' போட்ட பிறகு வந்த நால்வர்

பாரிசுக்கு அருகே சென் தெனி சந்தையில் நேற்று ஒரு பழைய வீடியோ கசெற்றை எடுத்து முகர்ந்தேன். அந்த பிளாஸ்டிக் வாசம் என்னை எண்பதுகளின் பாரிசுக்கு, ரூ பெர்தொனே தெருவில் படக்கசெற் வாடகைக்குக் கொடுத்த அண்ணையின் கடைக்கே இழுத்துப் போனது. பிரெஞ்சுக்காரர் கழித்துவிட்ட கசெற்றுகளை வாங்கி, அவற்றின் மேலேயே அவர் தமிழ்ப்படங்களைப் பதிவார். அதனால் எங்களுக்குப் பிடித்த கசெற்றில் படமுடிவில் 'வணக்கம்' போட்டதும் திரை கரகரவென்று நடுங்கி, அடியில் கிடந்த மிச்சம் எட்டிப்பார்க்கும்: சினிமா பேசத் தொடங்கிய காலத்து அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் நால்வர், வைக்கோற்போருக்கு முன்னே, ஒற்றை மைக்கை விட்டு விலகப் பயந்தவர்களாய் ஒட்டி நின்று, பிடிலும் பாஞ்சோவுமாய் வெளுத்துக்கட்டுவார்கள். மூன்று மணி நேரப் படத்தைப் பொறுத்திருந்ததே அந்த மூன்று நிமிடத்துக்காகத்தான். நானும் தங்கச்சியும் கட்டிலில் ஏறிக் குதிப்போம்.

"படம் முடிஞ்சுது, நிப்பாட்டுங்கோ பிள்ளையள்!" என்று அப்பா ஒவ்வொரு முறையும் கத்துவார்.

ஒருநாள் அதே கசெற்றில் நீளமான புதுப்படம் ஒன்று பதிந்து வந்தது. வணக்கத்தோடு நாடாவும் முடிந்துவிட்டது. நாங்கள் அழத் தொடங்குமுன் அப்பா சப்பாத்தை மாட்டிக்கொண்டு கடைக்கு நடந்தார். நாங்கள் பின்னால் ஓடினோம்.

"அண்ணை, இதிலை கடைசிப் பாட்டைக் காணேல்லை!"

"எந்தப் பாட்டு?" என்றார் கடைக்காரர்.

கடை நிறையச் சனம் நிற்பதையும் மறந்து, அப்பா கைகளை விலாவோடு ஒட்டி விறைப்பாக நின்று, தலையை மட்டும் ஆட்டி, முழுப் பாட்டையும் பாடிக் காட்டினார்.